பொது யாருக்குப் பொது?

புதுச்சேரியில் வருஷா வருஷம் ஜூலை 30 அன்று தொழிற்சங்கங்கள் தியாகிகளுக்கு அஞ்சலி செலுத்துகின்றன. 1936ஆம் வருஷம் அந்தத் தேதியில்தான் பிரெஞ்சு ஆட்சியின் துப்பாக்கிகள் பஞ்சாலைத் தொழிலாளிகளை நோக்கித் திரும்பின. 12 பேர் செத்தார்கள். அடுத்த வருஷமே, 1937இல், எட்டு மணி நேர வேலை அங்கே சட்டமானது. வ. சுப்பையாவையும் அந்தப் 12 பேரையும் விட்டுவிட்டு இந்தப் பக்கத்துத் தொழிலாளி வர்க்க வரலாற்றை யாரும் எழுதுவதில்லை. எழுதவும் கூடாது.

அங்கிருந்து மேற்கே சுமார் 40 கிலோமீட்டர் வந்தால் விழுப்புரம். 1978ஆம் வருஷம், அதே ஜூலை மாசம். கடைத்தெருவில் தொடங்கிய தகராறு சேரிக்குள் தீயாகவும் கொலையாகவும் புகுந்தது. 12 தலித்துகள் கொல்லப்பட்டார்கள். அங்கேயும் பன்னிரண்டு, இங்கேயும் பன்னிரண்டு. இந்தப் பன்னிரண்டு பேரைத் தொழிலாளி வர்க்க வரலாறு என்று அச்சாகும் புத்தகங்களில் தேடிப் பாருங்கள். கிடைக்க மாட்டார்கள். 'விழுப்புரம் கலவரம்' என்ற தலைப்பின் கீழ், சட்டம் ஒழுங்குப் பிரச்சினையாக, விசாரணைக் கமிஷன் காகிதமாகத்தான் கிடைப்பார்கள். ஆலை வாசலில் செத்தால் தியாகி. கடைத்தெருவில் செத்தால் கலவரத்தில் செத்தவன். கூலி வேலை செய்து பிழைத்த சேரியில் விழுந்த பிணங்களுக்கு 'வர்க்கம்' என்ற சொல்லில் இடம் கிடைக்காமல் போனது எப்படி?

பதில் சுலபமானது. நம் தோழர்களுக்கு வேலைத்தலம் என்றால் ஆலை, பட்டறை, ரொம்பப் போனால் கழனி. கடைத்தெரு வேலைத்தலம் இல்லை. ஏரிக்கரை வேலைத்தலம் இல்லை. மேய்க்கால் இல்லை, சுடுகாட்டுப் பாதை இல்லை, தெருக்குழாய் இல்லை. அங்கே நடப்பதெல்லாம் 'சமூகப் பிரச்சினை'. கூலிதான் பொருளாதாரம், தண்ணீர் தீண்டாமை, அவ்வளவுதான் கணக்கு. இந்தக் கணக்கு தப்பு. கிராமத்தில் கூலியைத் தீர்மானிக்கிற இடமே ஏரிக்கரைதான் என்பதைத்தான் இந்தக் கட்டுரை சொல்ல வருகிறது.

*

பொது உரிமை பற்றிப் பேச்செடுத்தால் படித்த தோழர்கள் நேரே இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறிவிடுவார்கள். 1217இல் வந்த வனச் சாசனம், காட்டில் பன்றி மேய்க்கவும் விறகு எடுக்கவும் குடியானவனுக்கு இருந்த உரிமை, 1649இல் ஜெரார்ட் வின்ஸ்டன்லியும் டிக்கர்களும் செயின்ட் ஜார்ஜ் குன்றில் தரிசைக் கொத்தி விதைத்தது, பிறகு பிரபுக்கள் வேலி போட்டு வளைத்தது, நிலம் இழந்தவன் ஆலைக் கூலியானது. நல்ல வரலாறு. படிக்க வேண்டியதுதான். ஆனால் அந்தக் கதையில் குடியானவனுக்குப் பொது நிலம் முதலில் இருந்தது, பிறகு பறிபோனது. 'இருந்ததை மீட்போம்' என்று அவன் கோஷம் போடலாம். சேரிக்காரன் எதை மீட்பது?

நம் பக்கத்துக் கதை வேறு. செங்கல்பட்டிலும் அதை ஒட்டிய பகுதிகளிலும் கிராமம் என்பது மிராசுதாரர்களின் பங்கு. நஞ்சை, புஞ்சை மட்டுமில்லை. தரிசு, ஏரிப் பாசனம், மேய்ச்சல், சேரி குந்தியிருக்கிற மனை வரைக்கும் தங்கள் மிராசு என்றார்கள். அந்த நிலத்தில் உழைத்த பறையர், படியாள். வெள்ளைக்காரன் வந்து 'தர்காஸ்து' என்று ஒரு விதி கொண்டுவந்தான். தரிசு வேண்டுமென்றால் மனு போடு, பட்டா தருகிறோம் என்றான். பார்க்க நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் மனு போட்டவன் சேரிக்காரன் என்றால், அந்த நிலத்தை எடுத்துக்கொள்ள மிராசுதாருக்கு முதல் உரிமை. அவன் அதில் ஏர் பூட்ட வேண்டுமென்பதில்லை. நீ பூட்டக்கூடாது, அது போதும்.

1891இல் செங்கல்பட்டு கலெக்டர் பொறுப்பில் இருந்த டிரமென்ஹீர், பறையர்களின் நிலைமை பற்றி அரசுக்கு எழுதிய அறிக்கையில் இதையெல்லாம் போட்டு உடைத்தார். நிலம் கொடுக்க வேண்டும், குடியிருக்கும் மனையை அவர்கள் பெயருக்கே ஆக்க வேண்டும், பள்ளிக்கூடம் வேண்டும் என்றார். 1892 செப்டம்பர் 30 தேதியிட்ட 1010ஆம் எண் அரசாணை வந்தது. பஞ்சமி நிலம் என்று நாம் இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருப்பதற்கு வேர் அங்கேதான் இருக்கிறது.

மிராசுதாரர்கள் இதை ஏன் எதிர்த்தார்கள் என்பதைக் கவனியுங்கள். தீட்டுப் பட்டுவிடும் என்பது மட்டும் அவர்கள் பயம் இல்லை. சேரிக்காரனுக்குக் காணி நிலமும் சொந்த மனையும் கிடைத்துவிட்டால் நம் கழனிக்கு ஆள் எங்கே? இதுதான் அடிவயிற்றில் இருந்த பயம். 'சாதி' என்று அவர்கள் வாயால் சொன்னது மனசுக்குள் 'கூலி' என்றுதான் ஓடியது. மிராசுதாருக்கு 1892லேயே புரிந்த அரசியல் பொருளாதாரம் நம் தோழர்களுக்கு இன்னும் புரியவில்லை என்றால் யாரை நோவது?

1843இல் அடிமை முறைக்கு இருந்த சட்ட அங்கீகாரத்தை எடுத்துவிட்டோம் என்று வெள்ளைக்காரன் மார்தட்டிக்கொண்டான். 1859இல் இன்னொரு சட்டம் போட்டான். முன்பணம் வாங்கியவன் வேலையை விட்டுப் போனால் அது கிரிமினல் குற்றம். 1925இல்தான் அது ஒழிந்தது. அடிமைச் சங்கிலியைக் கழற்றிய கையே கடன் சங்கிலியைப் பூட்டியது. இந்த இரண்டுக்கும் நடுவில் சேரி ஜனங்கள் கிடைத்த கப்பலில் ஏறினார்கள். சிலோன், மலேயா, மொரீஷியஸ், நேட்டால் என்று போனார்கள். போன இடம் சொர்க்கமில்லை, இன்னொரு கொத்தடிமைக் கூடம்தான். ஆனாலும் ஊரை விட்டு ஆள் போவது என்பது அந்தக் காலத்தில் மிராசுதாரை நடுங்கவைத்த ஒரே வேலைநிறுத்தம். கொடி இல்லை, சங்கம் இல்லை, நோட்டீஸ் இல்லை. ராத்திரியோடு ராத்திரியாகக் குடிசை காலி. இதையும் தொழிலாளி வர்க்கப் போராட்ட வரலாற்றில் எழுத வேண்டும்.

*

இப்போது நம் காலத்துக்கு வருவோம். திண்டிவனம் சுற்று வட்டாரத்தில் எந்தக் கிராமத்தை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள். ஏரிப் பாசனம், கிணற்றுப் பாசனம், மல்லாட்டை, நெல், கரும்பு. நிலமில்லாத குடும்பம் எப்படிப் பிழைக்கிறது? கூலி கிடைப்பது வருஷத்தில் சில மாசம். மிச்ச நாளில் மாட்டுக்குப் புல் ஏரி உள்வாயில், அடுப்புக்கு விறகு வேலிக்காத்தான் முள்ளில், குழம்புக்கு மீனும் நண்டும் நத்தையும் வாய்க்காலில், கீரை வரப்பில், சுவருக்கு மண் குட்டையில். வெளிக்குப் போவதும் அங்கேதான், செத்தால் புதைப்பதும் அங்கேதான். இவ்வளவும் கூலிக்காரியின் கூலியில் சேராத கூலி. இதைச் சேகரித்துக் குடும்பத்தைத் தாங்குகிறவர்கள் பெரும்பாலும் பெண்கள். அதனால்தான் இது கணக்கிலேயே வருவதில்லை.

ஆலைத் தொழிலாளி வேலைநிறுத்தம் செய்தால் சங்கத்திடம் நிதி இருக்கும். பத்து நாள் அரிசி கிடைக்கும். சேரிக்காரனின் வேலைநிறுத்த நிதி இந்தப் புறம்போக்குதான். மாடு மேய இடமும் விறகும் தண்ணீரும் இருந்தால் 'இந்தக் கூலிக்கு வரமாட்டோம்' என்று பத்து நாள் தாக்குப் பிடிக்கலாம். இது ஊருக்கு நன்றாகத் தெரியும். அதனால்தான் சேரி வாயைத் திறந்ததும் ஊர் முதலில் கை வைப்பது கூலியில் இல்லை, பாதையில். "ஏரிக்கரை மேல இன்னா ஒங்கப்பன் ஊட்டு ரோடா போட்டு வச்சிகீது? மாட்ட ஓட்டிக்கினு போவாத" என்பான். புல் அறுத்தவளின் அரிவாளைப் பிடுங்குவான். மளிகைக் கடையில் சாமான் தரமாட்டான். டீக்கடையில் பெஞ்சு மடங்கும். மாவு மிஷின் அரைக்காது. கூடிப் பேசி, மீறினால் இவ்வளவு அபராதம் என்று சொந்த சாதிக்காரனையும் கட்டிவைப்பான்.

இதற்கு ஊர்க்கட்டுப்பாடு என்று பெயர். பத்திரிகைக்காரர்கள் 'சமூகப் புறக்கணிப்பு' என்று எழுதுவார்கள். தொழிற்சங்க மொழியில் இதற்குப் பெயர் கதவடைப்பு. முதலாளி ஆலைக் கதவைச் சாத்துகிறான், ஊர் ஏரிக் கதவைச் சாத்துகிறது. இரண்டும் தொழிலாளியைப் பட்டினி போட்டுப் பணியவைப்பது. ஒன்று மட்டும் தொழிலாளர் துறைக்குப் போகிறது. இன்னொன்று சமாதானக் கமிட்டிக்குப் போகிறது.

எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் வடமாவட்டங்களில் பல சேரிகள் இனிப் பறையடிக்க மாட்டோம், சாவு சொல்லப் போகமாட்டோம், செத்த மாடு தூக்க மாட்டோம் என்று நின்றன. இது கலாச்சார மறுமலர்ச்சி மட்டுமில்லை. சுத்தமான வேலைநிறுத்தம். கூலியில்லாத வேலையை, பிறப்பைக் காட்டி வாங்கிய வேலையை மறுத்தது. பதிலுக்கு வந்தது மேலே சொன்ன கதவடைப்பு. அப்போது எத்தனை செங்கொடிச் சங்கம் இதை 'வேலைநிறுத்தம்' என்று பெயர் சொல்லி ஆதரித்து நின்றது?

*

"பொதுச் சொத்து நாசமாப் போச்சு, பழைய ஊர்க் கட்டுமானம் இருந்தவரைக்கும் ஏரி நல்லா இருந்திச்சு" என்று இப்போது ஒரு புதுப் பல்லவி. சூழலியல் நண்பர்கள் பாடுகிறார்கள். குடிமராமத்து என்ற சொல்லைக் கேட்டாலே கண்ணில் நீர் கோர்க்கிறது. 2017இல் அரசாங்கமே அந்தப் பெயரில் திட்டம் கொண்டுவந்தது.

யாருடைய குடி, யாருடைய மராமத்து? மண் சுமந்தது யார்? மடை திறந்து மூடிய நீர்க்கட்டி யார்? வெள்ளத்தில் கரை உடைந்தால் நடுராத்திரியில் தப்படித்து ஆள் கூப்பிட்டு, இடுப்பளவு தண்ணீரில் இறங்கிய தோட்டி யார்? எந்தத் தெருவிலிருந்து வந்தார்கள்? ஏரி நிறைந்ததும் அந்த நீர்க்கட்டி தன் தாகத்துக்கு எந்தத் துறையில் இறங்க முடிந்தது? 1858இல் வெள்ளை அரசு கட்டாய உழைப்புச் சட்டம் ஒன்று போட்டது. ஏரி உடைந்தால் ஆட்களைப் பிடித்து வேலை வாங்கலாம், குடிமராமத்துக்கு வராதவனிடம் அபராதம் வசூலிக்கலாம். எல்லாரும் மனமுவந்து கூடிச் செய்த ஊர் ஒற்றுமை என்றால் சட்டம் எதற்கு, அபராதம் எதற்கு? கடமை பொதுவாக இருந்தது. உரிமை மட்டும் ஊருக்கு இருந்தது. சேரியின் உழைப்பு ஏரிக்குள் போகலாம், சேரியின் குடம் போகக்கூடாது. இந்தப் பொதுவைத்தான் மீட்கப் போகிறீர்களா?

1981இலிருந்து சுவீடன் உதவியோடு சமூகக் காடு வளர்ப்பு என்று ஏரி உள்வாய்களில் கருவேலம் நட்டார்கள். 'சமூக' என்று பெயரிலேயே இருக்கிறது. ஆடு மாடு ஓட்டிய சேரிப் பெண்களுக்கு மேய்ச்சல் போனது. மரம் வளர்ந்ததும் ஏலம். ஏலத்தில் கை தூக்கியது பணமுள்ளவன். புளியமர ஏலமும் இதேபோல்தான், ஏரி மீன் குத்தகையும் இதேபோல்தான். பஞ்சாயத்து நாற்காலியில் யார் உட்காருகிறானோ அவன் கையில் ஏலக் கணக்கு. 1996இல் மேலவளவு பஞ்சாயத்துத் தலைவர் பதவி தலித்துக்கு ஒதுக்கப்பட்டதும் அங்கே அந்தக் கொதி கொதித்தார்கள். 1997 ஜூன் 30 அன்று தலைவர் முருகேசனோடு சேர்த்து 6 பேரைப் பட்டப்பகலில் வெட்டிக் கொன்றார்கள். நாற்காலிக்காக என்று மட்டும் சொல்லாதீர்கள். நாற்காலிக்குக் கீழே கண்மாய் இருக்கிறது, மீன் இருக்கிறது, புறம்போக்கு இருக்கிறது.

*

"சரி தோழர், ஊர்த்தெருவிலும் கூலிக்காரன் இருக்கானே, அவனும் அரை வயிறுதானே, அவன் ஏன் பண்ணையார் பக்கம் நிக்கிறான்?" என்று கல்லூரி மாணவர் ஒருவர் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். தென்னாற்காட்டில் நாற்று நடுகிற, கரும்பு வெட்டுகிற ஏழை வன்னியனும் ஏழைதான். சந்தேகமில்லை. ஆனால் அவனுக்கு ஊரில் பங்கு இருக்கிறது. ஏரிக்கரையில் நடக்கலாம், கோயில் வரி கட்டித் தேர் வடம் பிடிக்கலாம், பஞ்சாயத்தில் குந்தலாம். அமெரிக்காவின் கறுப்பின அறிஞர் டுபாய்ஸ் 1935இல் வெள்ளைத் தொழிலாளியைப் பற்றி இதையேதான் எழுதினார். குறைந்த கூலி வாங்கினாலும், கறுப்பன் இல்லை என்ற பொது மரியாதை அவனுக்கு ஒரு கூடுதல் கூலியாகக் கிடைக்கிறது என்றார். இங்கே அந்தக் கூடுதல் கூலி மரியாதையாக மட்டும் இல்லை. புல்லாகவும் மீனாகவும் பாதையாகவும் இருக்கிறது. அதைக் காப்பாற்றிக்கொள்ளத்தான் அவன் பண்ணையாரின் தடியைத் தூக்குகிறான். தூக்கும்போது தன் கூலியையும் சேர்த்து அடித்துக்கொள்கிறான். சேரியின் கூலி ஏறாத ஊரில் தெருவின் கூலியும் ஏறாது.

1987 செப்டம்பரில் இட ஒதுக்கீடு கேட்டு வன்னியர் சங்கம் சாலை மறியல் செய்தது. போலீஸ் சுட்டது. செத்தவர்கள் ஏழைகள். அந்தத் துப்பாக்கியை நாம் கண்டிக்கிறோம். அந்த 21 பேருக்கு 2025 ஜனவரியில் விழுப்புரத்தில் அரசு மணிமண்டபம் திறந்தது. ஆனால் அதே மறியல் நாட்களில் தலித் குடிசைகள் ஏன் எரிந்தன? இட ஒதுக்கீட்டை மறுத்தது சேரியா? அதே விழுப்புரத்தில் 1978இல் செத்த 12 பேருக்கு மணிமண்டபம் எங்கே என்று கேட்டால் மட்டும் ஏன் சமூக நல்லிணக்கம் கெட்டுவிடும் என்கிறார்கள்?

தொழிற்சங்கத்தின் கதையும் பெரிய வித்தியாசமில்லை. 1918இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தது, பெருமைதான். 1921இல் பின்னி ஆலை வேலைநிறுத்தத்தில் ஆதிதிராவிடத் தொழிலாளிகளில் பெரும்பாலோர் சேரவில்லை. எம்.சி. ராஜா வேலைக்குப் போகச் சொன்னார். புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன, துப்பாக்கிச் சூடு நடந்தது, வேலைநிறுத்தம் தோற்றது. 'கருங்காலிகள்' என்று வரலாறு எழுதினார்கள். சங்கத்துக்குள் சேரிக்காரனுக்கு என்ன இடம் இருந்தது, தண்ணீர்ப் பானையில் அவன் கை வைக்க முடிந்ததா, கடையடைத்த காலத்தில் அவன் குடிசைக்கு அரிசி எங்கிருந்து வரும் என்று கேட்டுவிட்டல்லவா அந்தச் சொல்லை உபயோகிக்க வேண்டும்? பம்பாய் ஆலைகளிலும் இதே கதை. அறுந்த நூலை வாயில் வைத்து முடிய வேண்டும் என்பதால் நல்ல கூலி உள்ள நெசவுப் பகுதியில் தீண்டத்தகாதவனைச் சேர்க்கவில்லை. சேர்க்கக் கூடாது என்றவன் முதலாளி மட்டுமில்லை, சக தொழிலாளி. அம்பேத்கர் அந்தக் கதவைத் திறக்கச் சொன்னபோது அவரை 'வர்க்க ஒற்றுமையைக் குலைக்கிறவர்' என்றார்கள்.

அந்தக் 'குலைக்கிறவர்' என்ன செய்தார்? 1927 மார்ச் 20 அன்று மகாதில் சவுதார் குளத்தில் இறங்கித் தண்ணீர் குடித்தார். 1936இல் சுதந்திரத் தொழிலாளர் கட்சியைக் கட்டினார். 1938 நவம்பர் 7 அன்று, வேலைநிறுத்த உரிமையைப் பறிக்கும் மசோதாவை எதிர்த்து, கம்யூனிஸ்டுகளோடு தோளோடு தோள் நின்று பம்பாயில் வேலைநிறுத்தம் நடத்தினார். குளத்தையும் ஆலையையும் அவர் இரண்டாகப் பிரிக்கவில்லை. பிரித்தது நாம் படித்த பாடப் புத்தகம். இன்னொன்றும் சொல்ல வேண்டும். மகாதுக்கு 3 வருஷம் முன்பே, 1924இல், நம் இரட்டைமலை சீனிவாசன் சென்னைச் சட்டமன்றத்தில் பொதுச் சாலை, கிணறு, குளம் எல்லாவற்றிலும் எல்லாருக்கும் உரிமை உண்டு என்று தீர்மானம் கொண்டுவந்து, அரசிதழில் அச்சாகவும் வைத்தார். இது எத்தனை மே தின மேடையில் சொல்லப்படுகிறது?

1968 டிசம்பர் 25, வெண்மணி. 44 பேர். அரைப்படி நெல் அதிகம் கேட்டதற்காக என்று சொல்கிறார்கள், உண்மை. ஆனால் கூலி கேட்டவர்களைப் பழிவாங்க வந்தவன் எந்தத் தெருவைத் தேடி வந்தான்? சேரியைத் தேடி வந்தான். சாதியால் பிரித்துவைத்த தெரு இருந்ததால்தான் வர்க்க எதிரிக்கு முகவரி தேட வேண்டிய வேலை இல்லாமல் போனது.

*

சட்டம் இல்லாமல் இல்லை. பஞ்சமி நிலத்தை முதல் பத்து வருஷம் விற்கக்கூடாது, அதற்குப் பிறகும் தாழ்த்தப்பட்டவருக்குத்தான் விற்கலாம் என்று நிபந்தனை இருந்தது. எங்கே போனது அந்த நிலம்? சாராயக் கடனில் கொஞ்சம், கல்யாணக் கடனில் கொஞ்சம், கைநாட்டில் கொஞ்சம். யு.டி.ஆர். என்று கணக்கை மாற்றி எழுதியபோது 'டி.சி. நிலம்' என்ற குறிப்பே பல ஊர்களில் காணாமல் போனது. தமிழ்நாட்டில் 12 லட்சம் ஏக்கர் என்று இயக்கங்கள் கணக்குச் சொல்கின்றன. நாம் அனுபவிப்பது எவ்வளவு என்று அரசு சொல்லட்டும். காரணை நிலத்தைக் கேட்டு நின்றதற்காக 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் போலீஸ் சுட்டதில் ஜான் தாமசும் ஏழுமலையும் செத்தார்கள். 1892இல் சர்க்கார் கொடுத்ததை 1994இல் கேட்டதற்குச் சர்க்கார் கொடுத்த பதில் தோட்டா.

மரக்காணம் பக்கம் கடற்கரைச் சாலை ஓரத்தில் மனை வியாபாரம், திண்டிவனம் பக்கம் சிப்காட், நாற்கரச் சாலை. நிலத்தின் விலை ஏற ஏறப் புறம்போக்கும் டி.சி. நிலமும் எவன் கண்ணிலும் படும். 'புறம்போக்கு' என்பது நம்மைத் திட்டுகிற வார்த்தையாகவும், அவர்கள் பட்டா வாங்கும் நிலமாகவும் ஒரே சமயத்தில் இருப்பது எவ்வளவு வசதி!

2006 பிப்ரவரியில் நூறு நாள் வேலைத் திட்டம் முதலில் வந்த 6 தமிழ்நாட்டு மாவட்டங்களில் விழுப்புரமும் ஒன்று. வந்த கொஞ்ச காலத்திலேயே டீக்கடைப் பேச்சு மாறியது. "ஆளே கெடைக்க மாட்டேங்குது, ஏரிக்கரைல குந்திக்கினு சம்பளம் வாங்குறாளுங்க." 1892 மிராசுதாரின் குரல்தான் இது. 114 வருஷத்தில் சுருதி கூட மாறவில்லை. சேரிப் பெண்ணுக்குப் பண்ணையாரைத் தவிர இன்னொரு வழி கிடைத்தால் கூலி பேசும் பலம் கிடைக்கும். அதுதான் உறுத்தல்.

மேல்பாதியைப் பாருங்கள். விழுப்புரத்துக்குப் பக்கத்தில்தான். 2023 ஏப்ரலில் திரௌபதி அம்மன் கோயிலுக்குள் போன தலித் இளைஞர்கள் தாக்கப்பட்டார்கள். ஜூனில் வருவாய்த்துறை கோயிலுக்கே சீல் வைத்தது. அறநிலையத்துறை தன் பொறுப்பிலுள்ள பொதுக்கோயில் என்றது. ஊர்த்தெரு, எங்கள் சாதிக்குச் சொந்தம் என்றது. நீதிமன்ற உத்தரவோடு, போலீஸ் பாதுகாப்போடு 2025 ஏப்ரலில் தலித்துகள் உள்ளே போனார்கள். 'சாமி கும்பிட்டால் வயிறு நிறையுமா' என்று பகுத்தறிவாளர்கள் சிலர் கேட்டார்கள். நாம் சாமிக்காகச் சண்டை போடவில்லை ஐயா. பொது என்று எழுதியிருக்கிற ஒன்றை 'எங்களுது' என்று சொல்லும் அந்த வாயோடு சண்டை போடுகிறோம். கோயிலில் அந்த வாய் மூடினால் ஏரியிலும் மூடும்.

*

நமக்குள்ளும் ஒரு பேச்சு பேசியாக வேண்டும். திண்டிவனத்தைச் சுற்றிச் செங்கல் சூளையிலும் அரிசி மில்லிலும் மரம் வெட்டுகிற இடத்திலும் கொத்தடிமையாகக் கிடந்தவர்கள் இருளர்கள். காட்டை 1882 வனச் சட்டம் எடுத்துக்கொண்டது, பாம்புத் தோல் வியாபாரத்தை வனவிலங்குச் சட்டம் முடித்துவைத்தது. கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் 1976இல் வந்த பிறகும் முன்பணத்தில் குடும்பம் குடும்பமாக மாட்டிக்கொண்டார்கள். திண்டிவனத்தில் பேராசிரியர் கல்யாணி போன்றவர்கள் அவர்களுக்காகப் பல வருஷம் மல்லுக்கட்டியிருக்கிறார்கள். நம் காலனிக்கு ஓரத்தில் இருளர் குடிசை போட வந்தால் நாம் என்ன சொல்கிறோம்? ஏரி மீனில் அவர்களுக்குப் பங்கு உண்டென்று நம் பஞ்சாயத்தில் பேசுகிறோமா? பொது வேண்டும் என்று கேட்கிறவன் தனக்குக் கீழே ஒரு வேலி போட்டால் அவனும் குட்டி மிராசுதான். வீட்டுக்குள்ளேயும் இதுதான் கேள்வி. புல்லும் விறகும் தண்ணீரும் பெண்கள் சுமக்கிறார்கள், ஏரியைப் பற்றி முடிவெடுக்கிற கூட்டத்தில் ஆண்கள் மட்டும் குந்தியிருக்கிறோம்.

செய்ய வேண்டியது என்ன? 2015இல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைத் திருத்தினார்கள். 2016 ஜனவரி 26 முதல் அமலில் இருக்கிறது. பொது வளங்களை, ஏரியை, கிணற்றை, சுடுகாட்டை மற்றவர்களோடு சமமாக உபயோகிக்கவிடாமல் தடுப்பதும், சமூக, பொருளாதாரப் புறக்கணிப்பும் அதில் குற்றங்கள். கூலித் தகராறில் ஊர் பாதையை அடைத்தால் இந்தப் பிரிவுகளில் வழக்குப் பதியச் சொல்லுங்கள், சமாதானக் கமிட்டிக்குப் போய் டீ குடித்துவிட்டு வராதீர்கள். மாணவர்கள் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டு, யு.டி.ஆருக்கு முந்தைய அ-பதிவேட்டையும் இப்போதைய பதிவேட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். டி.சி. என்ற இரண்டு எழுத்து எந்த சர்வே எண்ணில் அழிந்தது என்று ஊர் ஊராகப் பட்டியல் எடுங்கள். அந்தப் பட்டியல் ஒன்று ஆயிரம் கவிதைக்குச் சமம். விவசாயத் தொழிலாளர் சங்கத் தோழர்கள் தங்கள் கோரிக்கைப் பட்டியலில் கூலி உயர்வுக்கு அடுத்த வரியில் ஏரி, மேய்க்கால், பஞ்சமி நிலம் என்று எழுதட்டும். எழுதினால் நாம் கொடி பிடித்து வருவோம். எழுதாமல் 'வர்க்க ஒற்றுமைக்கு வா' என்று கூப்பிட்டால், எந்த ஏரிக்கரை வழியாக வருவது என்று திருப்பிக் கேட்போம்.

தமிழ்நாட்டில் கிராமசபை கூட வேண்டிய நாட்களில் ஒன்று மே 1. தொழிலாளர் தினம். அன்றைக்கு டவுனில் ஊர்வலம் போகிற தோழர்கள் ஊர்வலம் முடிந்ததும் பஸ் பிடித்துக் கிராமத்துக்கு வாருங்கள். சேரியிலிருந்து எல்லாரும், முக்கியமாகப் பெண்கள், இருளர் குடியிருப்பிலிருந்தும் ஆட்களைக் கூட்டிக்கொண்டு, கிராமசபைக்குப் போவோம். பந்தலின் ஓரத்தில் நிற்க வேண்டாம், நடுவில் குந்துவோம். மூன்றே மூன்று கேள்வி கேட்போம். போன வருஷம் ஏரி மீன் எவ்வளவுக்கு ஏலம் போனது? புளியமரம் எவன் எடுத்தான்? இந்த ஊரில் டி.சி. நிலம் எத்தனை ஏக்கர், யார் கையில் இருக்கிறது? பதிலைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதச் சொல்வோம். எழுதாமல் கையெழுத்துப் போட வேண்டாம்.